நீர்க்கடன்

தை அமாவாசைக்கு முதல் நாள் காலை. மதுரையிலிருந்து தேனிக்குச் செல்லும் ரயிலில் நானும் என் இல்லாளும் அமர்ந்திருந்தோம். அகலப் பாதைப் பணிக்காகப் பத்தாண்டுகளுக்கும் மேல் நின்றுபோயிருந்த இந்த ரயில், 2022-இல் தேனி வரைக்கும், மறு ஆண்டு போடிநாயக்கனூர் வரைக்கும் மீண்டும் ஓடத் தொடங்கியது. பேருந்தில் குலுங்கிச் செல்ல இயலாத எங்களைப் போன்ற முதியோருக்கு இது அம்பிகை செய்த உபகாரம். ஆண்டிபட்டியைக் கடந்ததும் காற்றின் குணம் மாறுகிறது. மேற்கே மலைத்தொடர் நீலமாக எழுந்து நிற்கிறது. கம்பம் பள்ளத்தாக்கின் வாசல் அது.

என் சொந்த ஊர் மேலூர்ப் பக்கம். பெரியாற்றுக் கால்வாயின் கடைமடையில் என் தகப்பனாருக்கு நான்கு ஏக்கர் நஞ்சை இருந்தது. தண்ணீர் வந்த ஆண்டில் வீட்டில் நெல். வராத ஆண்டில் கடன். அந்த நெல்லை விற்றுத்தான் அவர் என்னைப் பட்டதாரி ஆக்கினார். வங்கிப் பணியில் சேர்ந்து, 1980-களின் இறுதியில் இந்தப் பள்ளத்தாக்கில் உள்ள ஒரு கிளைக்கு மாற்றலாகிப் புறப்பட்டபோது, அவர் சொன்ன புத்திமதி இன்னும் என் காதில் இருக்கிறது: "தலைமடைக்குப் போறப்பா. அங்க உள்ளவங்ககிட்ட மரியாதையா நடந்துக்க. அவங்க மனசு வச்சாத்தான் நமக்குத் தண்ணி."

அவருக்குத் தர்ப்பணம் செய்யவே இந்த முறை சுருளிக்குப் புறப்பட்டோம். நீத்தாருக்கு எள்ளும் நீரும் இறைப்பதை நீர்க்கடன் என்று நம் முன்னோர் சொன்னார்கள். அந்தச் சொல்லுக்கு இன்னொரு பொருளும் உண்டு என்பதை இந்தப் பயணம் எனக்கு உணர்த்தியது.

வீரபாண்டி அன்னையின் குடத்து நீர்

தேனியிலிருந்து கம்பம் செல்லும் சாலையில் சுமார் 8 கிலோமீட்டரில், முல்லையாற்றின் கரையில் வீரபாண்டி கௌமாரியம்மன் கோயில் கொண்டிருக்கிறாள். கண்ணொளி இழந்த பாண்டிய மன்னன் அன்னையை வேண்டி ஒளி பெற்றான் என்பது தலவரலாறு. சித்திரைத் திருவிழாவைக் கண்டவர்கள் அதை மறக்க மாட்டார்கள். திருவிழாவுக்குச் சில வாரங்களுக்கு முன்பே அத்திமரத்தாலான முக்கவட்டுக் கம்பம் நடப்படும். அன்று முதல் பக்தர்கள் முல்லையாற்றில் நீராடி, குடத்தில் நீர் முகந்து வந்து கம்பத்திற்கு ஊற்றுவார்கள். கத்திரி வெயில் நெருங்கும் காலத்தில், அந்தக் குளிர்ந்த நீர் அன்னையின் வெம்மையைத் தணிக்கிறது என்பது நம்பிக்கை.

அந்தக் குடத்தில் இருக்கும் நீர் எங்கிருந்து வந்தது? பெரியாறு இயற்கையில் மேற்கு நோக்கி ஓடி அரபிக் கடலில் கலக்கும் நதி. அதைக் கிழக்கே திருப்ப வேண்டும் என்ற எண்ணம் முதலில் உதித்தது ராமநாதபுரம் சீமையில். வறண்ட அந்தச் சமஸ்தானத்தின் பிரதானி முத்திருளப்ப பிள்ளை, 1789-இல் மலைமேல் ஆள் அனுப்பி இடம் ஆராயச் செய்தார். செலவுக்கு வழியில்லாமல் அந்த முயற்சி நின்றது. ஏறத்தாழ நூறு ஆண்டுகள் கழித்து, 1886 அக்டோபர் 29-ஆம் நாள் ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. அரசையே பத்மநாப சுவாமிக்குக் காணிக்கையாக்கி, தம்மைப் பத்மநாபதாசர் என்று அழைத்துக்கொண்ட திருவிதாங்கூர் மன்னரின் சார்பில் திவான் ராமையங்கார் கையெழுத்திட்டார். 1887-இல் பணி தொடங்கியது. பொறுப்பேற்று நடத்தியவர் ஜான் பென்னிகுவிக் என்ற ஆங்கிலேயப் பொறியாளர், கிறிஸ்தவர். 1895 அக்டோபர் 10-ஆம் நாள் அணை திறக்கப்பட்டது. மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே பெரியாறு கிழக்கே இறங்கியது.

ஆக, அன்னையின் கம்பத்தில் நாம் ஊற்றும் நீரில், ஒரு சைவப் பிரதானியின் கனவும், ஒரு வைணவ திவானின் கையெழுத்தும், ஒரு கிறிஸ்தவப் பொறியாளரின் உழைப்பும் கலந்திருக்கின்றன. அன்னை அதை வேண்டாம் என்று சொல்லவில்லை. அபிஷேகமாக ஏற்றுக்கொள்கிறாள்.

1893-இல் சிகாகோவில் சர்வ சமயப் பேரவை கூடியபோது, இங்கே அணையில் கல் அடுக்கிக் கொண்டிருந்தார்கள். சுவாமி விவேகானந்தரை அங்கே செல்லுமாறு ஊக்கியவர்களில் ஒருவர் ராமநாதபுரம் மன்னர் பாஸ்கர சேதுபதி. ஒரே சமஸ்தானத்தில் இரண்டு கனவுகள். ஒன்று சமயங்கள் பேசிக்கொள்ள வேண்டும் என்பது. இன்னொன்று தண்ணீர் வர வேண்டும் என்பது. இரண்டும் ஒன்றுதானோ என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது.

ஒரு ஜாமீன் கையெழுத்து

வீரபாண்டியில் தரிசனம் முடித்து, சின்னமனூர் வழியாகக் குச்சனூர் சென்று சுயம்பு சனீஸ்வரருக்கு எள் தீபம் ஏற்றிவிட்டு, உத்தமபாளையம் வந்தோம். இங்குள்ள காளாத்தீஸ்வரர் கோயிலைத் தென்காளஹஸ்தி என்பார்கள். ராகு கேதுப் பரிகாரத்திற்கு இங்கே வருவோர் பலர். இதே ஊரில் ஹாஜி கருத்த ராவுத்தர் பெயரால் 1956-இல் தொடங்கப்பட்ட ஹௌதியா கல்லூரி இருக்கிறது. என் கிளையில் பணியாற்றிய இளைஞர்களில் பாதிப் பேர் அங்கே படித்தவர்கள். நெற்றியில் திருநீறு பூசியவரும் அங்கேதான் படித்தார். சிலுவை அணிந்தவரும் அங்கேதான் படித்தார்.

சமய நல்லிணக்கம் என்று யாராவது மேடையில் பேசினால், எனக்கு நினைவுக்கு வருவது ஒரு ஜாமீன் கையெழுத்து. அதைச் சொல்ல வேண்டுமானால், என் தவறு ஒன்றையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

நான் இங்கே பணியாற்றியபோது, திராட்சை விவசாயி ஒருவர் பந்தல் போடக் கடன் கேட்டு வந்தார். அம்மன் பக்தர். அவருக்கு ஜாமீன் போட முன்வந்தவர் பலசரக்குக் கடை வைத்திருந்த ராவுத்தர் ஒருவர். இருவரும் ஒருவரையொருவர் மாமா என்றும் மாப்பிள்ளை என்றும் அழைத்துக்கொண்டார்கள். விவசாயி வெளியே சென்ற சமயத்தில், நான் ராவுத்தரிடம் தாழ்ந்த குரலில் சொன்னேன்: "யோசிச்சுக் கையெழுத்துப் போடுங்க பாய். அவர் உங்க ஆள் இல்லையே."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபம் இல்லை. "எங்க வயலுக்கும் அவர் வயலுக்கும் ஒரே வாய்க்கால் சார். இதுக்கு மேல என்ன ஆளு வேணும்?" என்று சொல்லிக் கையெழுத்திட்டார்.

இரண்டாம் ஆண்டு, பழம் பழுத்து நின்ற வேளையில் காலம் தவறி மழை பெய்தது. பழங்கள் வெடித்து அழுகிவிட்டன. தவணை நின்றது. ஒரு வெள்ளிக்கிழமை மதியத் தொழுகை முடிந்து தலையில் தொப்பியுடன் ராவுத்தர் வந்தார். நிலுவையில் இருந்த மூன்று தவணைகளையும் கட்டினார். "இது அவருக்குத் தெரிய வேண்டாம் சார். தெரிஞ்சா வெக்கப்பட்டு என் கடைப் பக்கம் வர்றதை நிறுத்திடுவார்" என்றார். தவணைக்குச் சற்று அவகாசம் கிடைத்திருப்பதாக மட்டும் விவசாயியிடம் நான் சொன்னேன். அடுத்த விளைச்சலில் மீதியை அவரே கட்டி முடித்தார்.

இருவரும் இன்று இல்லை. முப்பது ஆண்டுகளுக்கும் மேல் எத்தனையோ பத்திரங்களைப் படித்தவன் நான். "உங்க ஆள் இல்லையே" என்று நான் சொன்ன சொல்லும், அதற்கு வந்த பதிலும், எந்தப் பத்திரத்திலும் பதிவாகவில்லை. என் மனத்தில் பதிந்துவிட்டன.

ஐயப்பன் செல்லும் சாலை

உத்தமபாளையத்திலிருந்து கம்பம் செல்லும் வழியெங்கும் திராட்சைப் பந்தல்கள். இந்தப் பன்னீர் திராட்சைக்கு 2023-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. தமிழகத்திற்கு இந்தக் கொடியை 1832-இல் கொண்டுவந்தவர் ஒரு பிரெஞ்சுப் பாதிரியார் என்று சொல்கிறார்கள். நம் கோயில்களில் நைவேத்தியத் தட்டில் இன்று அந்தக் கனி இருக்கிறது.

கம்பத்தில் கம்பராயப் பெருமாளும் காசி விசுவநாதரும் ஒரே வளாகத்தில் அருள்பாலிக்கிறார்கள். ஒரு காலத்தில் சைவமும் வைணவமும் எத்தனை கடுமையாக வாதிட்டன என்பதை நாம் அறிவோம். இன்று ஒரே அர்ச்சனைத் தட்டோடு இரு சன்னிதிகளையும் வலம் வருகிறோம். வாதம் தீர்ந்ததனாலா? இல்லை; சேர்ந்து வாழ்ந்து பழகியதனால்.

கார்த்திகை, மார்கழியில் இந்தச் சாலையே கறுப்பும் நீலமும் உடுத்திக்கொள்ளும். தமிழகத்துப் பக்தர்கள் கம்பம், குமுளி வழியாகத்தான் பெருமளவில் சபரிமலை செல்கிறார்கள். எருமேலியில் பேட்டை துள்ளுபவர்கள் முதலில் வாவரின் பள்ளிவாசலை வலம் வந்து வணங்கிவிட்டே ஐயனை நாடிச் செல்கிறார்கள். சன்னிதானத்திலும் ஐயப்பனின் தோழரான வாவருக்கு ஓர் இடம் உண்டு. அங்கே விக்கிரகம் இல்லை. காணிக்கையாக மிளகு உண்டு. விரதம் இருந்து, மாலை அணிந்து, இருமுடி தாங்கிச் செல்பவனின் பக்தி, வாவரை வணங்கியதால் ஒரு குன்றிமணி அளவும் குறைந்ததில்லை.

ஆனால் ஒரே சுவாமியை வணங்கினால் மட்டும் மனம் ஒன்றிவிடும் என்றும் சொல்வதற்கில்லை. 2011 டிசம்பரில் அணைப் பிரச்சினையால் எல்லையில் இரு மாநிலத்தவரும் மோதிக்கொண்டார்கள். இரு புறமும் சரணகோஷம் சொல்லும் மக்களே. அவதிப்பட்டவர்களில் மாலை அணிந்த பக்தர்களும், மலைத் தோட்டங்களுக்குக் கூலி வேலைக்குச் சென்ற பெண்களும் இருந்தார்கள். 2014 மே 7-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் 142 அடி வரை நீரைத் தேக்கலாம் என்று தீர்ப்பளித்தது. எனினும் அணைக்குக் கீழே வண்டிப்பெரியாற்றில் குழந்தைகளோடு வாழும் தாயின் அச்சமும், கம்பத்தில் நாற்று விட்டுக் காத்திருக்கும் விவசாயியின் அச்சமும், தீர்ப்பால் மட்டும் நீங்கக்கூடியவை அல்ல. இருவரும் பேசிக்கொண்டே இருக்க வேண்டும். பக்கத்து வீட்டாரோடு பேச முடியாதவன், வேறு சமயத்தாரோடு என்ன பேசிவிட முடியும்?

மாலையில் கம்பத்தின் கடைவீதியில் நின்றுகொண்டிருந்தோம். கம்பம்மெட்டு மலைச்சாலை வழியாக ஜீப்புகள் இறங்கி வந்தன. ஏலத்தோட்ட வேலை முடிந்து, தலையில் துண்டு கட்டிய பெண்கள் ஒருவரோடு ஒருவர் நெருங்கி அமர்ந்திருந்தார்கள். விடியலுக்கு முன் புறப்பட்டு விளக்கு வைத்த பின் திரும்புகிறவர்கள். அவர்கள் பறிக்கும் ஏலக்காய் போடிநாயக்கனூர் ஏலக்கூடத்தில் விலை போகிறது. அங்கிருந்து உலகம் முழுவதும் செல்கிறது. அரபு நாட்டில் விருந்தினருக்கு அளிக்கும் காப்பியில் அது மணக்கிறது. ஐரோப்பாவில் கிறிஸ்துமஸ் பண்டங்களில் சேர்கிறது. சபரிமலை அரவணையிலும் சேர்ந்து வந்தது. 2023 ஜனவரியில், ஏலக்காயில் பூச்சிமருந்து எச்சம் மிகுதி என்ற சோதனை அறிக்கையின் பேரில், கேரள உயர் நீதிமன்றம் அரவணை விற்பனையையே நிறுத்திவைத்தது நினைவிருக்கும். அந்த ஆணையைப் பின்னர் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. ஆயினும் அந்தக் கேள்வி மனத்தைவிட்டு அகலவில்லை. இங்கே ஒருவர் செடிக்கு அடிக்கும் மருந்து, முகம் அறியாத மூன்று சமயத்தாரின் வீட்டுக்குள் போகிறது. ஐயனின் பிரசாதத்திலும் போனது. உலகம் சுருங்கிவிட்டது என்கிறார்கள். கடைமடை நீண்டுவிட்டது என்று நான் சொல்வேன்.

பென்னிகுவிக்கின் பொங்கல்

கூடலூரைத் தாண்டி மலையடிவாரத்தில் லோயர் கேம்ப். மின் நிலையத்திற்கு நீர் இறங்கும் பெருங்குழாய்கள் மலைச்சரிவில் தெரிகின்றன. அங்கே பென்னிகுவிக்கிற்கு 2013 ஜனவரி 15-ஆம் நாள் மணிமண்டபம் திறக்கப்பட்டது. 1841-இல் அதே தேதியில் பூனாவில் பிறந்தவர் அவர். அது தைப் பொங்கலை ஒட்டி வருவதால், ஆண்டுதோறும் இங்கே அவருக்குப் பொங்கல் வைக்கிறார்கள். பாலார்பட்டி கிராமத்தில் ஊரே கூடி வைக்கிறது. தேனிப் பேருந்து நிலையத்திற்கு அவர் பெயர். பல வீடுகளின் பூஜை அறையில் முருகனுக்கும் மாரியம்மனுக்கும் பக்கத்தில் அவர் படம். பிள்ளைகளுக்கு அவர் பெயரைச் சூட்டியவர்களும் உண்டு.

வெள்ளம் அணையை அடித்துச் சென்றபோது தம் சொத்தை விற்று அவர் பணியை முடித்தார் என்று இங்குள்ள பாட்டிமார் சொல்வார்கள். அதற்கு ஆவணச் சான்று இல்லை என்கிறார்கள் ஆய்வாளர்கள். ஆவணம் கேட்டே பழகிய வங்கிக்காரன்தான் நான். ஆனால் நன்றியுள்ள மனம் தான் பெற்றதைவிடச் சற்றுக் கூடுதலாகவே வரவு எழுதிக்கொள்ளும் என்பதையும் அறிவேன். கம்பம் பள்ளத்தாக்கில் மட்டும் 14,707 ஏக்கரில் இருபோகம் நெல் விளைகிறது என்பது அரசுக் கணக்கு. அந்த ஆவணமே போதும்.

அவருக்குப் பொங்கல் வைக்கும் மக்கள் கிறிஸ்தவராக மாறவில்லை. அவரை இந்துவாக மாற்றவும் முயலவில்லை. அவர் அவராகவே இருக்கிறார். இவர்கள் இவர்களாகவே வணங்குகிறார்கள். 2022-இல் தமிழக அரசின் சார்பில் இங்கிலாந்தில் கேம்பர்லி நகரப் பூங்காவில் அவருக்குச் சிலை வைக்கப்பட்டது. மலைக்காட்டிலிருந்து புறப்பட்ட நன்றி கடல் கடந்து சேர்ந்திருக்கிறது.

ஆனால் மணிமண்டபத்தில் நின்றபோது என் மனம் வேறொன்றையும் நினைத்தது. அணை கட்டும் காட்டில் மலேரியாவிலும் காலராவிலும் மாண்ட கூலியாட்கள் எத்தனையோ பேர். அவர்களுக்குப் பொங்கல் வைப்பவர் யார்?

சுருளியில்

மறுநாள் தை அமாவாசை. இருள் பிரியும் முன் சுருளி சேர்ந்தோம். வேலப்பரும் பூதநாராயணரும் அருளும் இடம். தர்கா ஒன்றும் இங்குண்டு. அருவிக் கரையில் ஆயிரக்கணக்கானோர் முன்னோரை நினைத்து நின்றிருந்தார்கள்.

இதே இடத்தில், ஏழரைச் சனி நடந்த என் இளவயதில், நண்பர் ஒருவர் சொற்படி நீராடி, உடுத்திய வேட்டியை ஓடும் நீரிலேயே விட்டுச் சென்றேன். தோஷம் நீங்கியது என்று நிம்மதி அடைந்தேன். இந்த நீர் முல்லையாற்றில் கலந்து, வைகையில் சேர்ந்து, பேரணையில் பிரிந்து, என் தகப்பனாரின் வயலுக்குப் போகிறது என்பதை அன்று எண்ணிப் பார்க்கவில்லை. நான் கழித்த தோஷத்தை அவருக்கே அனுப்பியிருக்கிறேன். இன்றும் கரையோரம் பார்த்தேன்: நனைந்த வேட்டிகள், சேலைகள், பிளாஸ்டிக் உறைகள். அவை எல்லாம் யாருடைய கடைமடைக்குப் போகின்றன?

மனிதன் தேவர்க்கும் ரிஷிகளுக்கும் பித்ருக்களுக்கும் கடன்பட்டே பிறக்கிறான் என்கின்றன நம் சாஸ்திரங்கள். இல்லறத்தான் நாள்தோறும் செய்ய வேண்டிய ஐந்து வேள்விகளில் மனிதர்க்குச் செய்வதும், பிற உயிர்களுக்குச் செய்வதும் அடங்கும். அந்த மனிதர் எந்தச் சமயத்தவர் என்று சாஸ்திரம் கேட்கவில்லை. தமிழில் கடன் என்ற சொல் நாம் வாங்கியதையும் குறிக்கும். நாம் செய்ய வேண்டியதையும் குறிக்கும். வங்கிக் கடனைக் கொடுத்தவரிடமே திருப்பிக் கட்டலாம். தண்ணீர்க் கடனை அப்படிக் கட்ட முடியாது. ஆறு மேல்நோக்கி ஓடுவதில்லை. மேலே இருந்தவரிடம் வாங்கியதைக் கீழே இருப்பவரிடம்தான் செலுத்த வேண்டும். ராவுத்தரிடம் பட்ட கடனை, இனி நான் காணப்போகும் யாரோ ஒருவருக்குத்தான் தீர்க்க முடியும்.

தகப்பனார், பாட்டனார், முப்பாட்டனார் பெயர் சொல்லி எள்ளும் நீரும் இறைத்தேன். தர்ப்பணத்தின் முடிவில், தமக்கென்று யாரும் இல்லாமல் போனவர்களுக்காகவும் ஒரு கை நீர் விடும் வழக்கம் உண்டு. இத்தனை ஆண்டுகளும் சாஸ்திரிகள் சொல்ல, பொருள் உணராமல் விட்டவன் நான். இந்த முறை, பெயர் தெரியாத அந்தக் கூலியாட்களை நினைத்தேன். எந்தச் சமயத்தவரோ, எந்த ஊரினரோ. என் கையிலிருந்து நீர் வழிந்து, ஓடும் நீரில் கலந்து, மேலூர்த் திசையில் சென்றது.

கரை ஏறி உடை மாற்றியதும், நனைந்த வேட்டியைப் பிழிந்து மடித்துப் பையில் வைத்தேன். அருகில் தர்ப்பணம் முடித்து எழுந்த பெரியவர் ஒருவர் என்னைப் பார்த்தார். பிறகு, ஆற்றில் விடுவதற்காகக் கையில் வைத்திருந்த தம் துண்டையும் பிழியத் தொடங்கினார்.